பழவேற்காட்டு முகத்துவாரமும் மூன்று குப்பங்களும்

சென்னை மாநகருக்கு வடக்கே ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவில், திருவள்ளூர் மாவட்டம் பொன்னேரி வட்டத்தின் கடற்கரையோரத்தில், ஏரியும் கடலும் ஒன்றையொன்று தொடும் இடத்தில் அமைந்துள்ளது பழவேற்காடு. ஐரோப்பியர் நாவில் திரிந்து 'புலிகாட்' ஆன ஊர் இதுவே. விடுமுறை நாளில் மீன் வாங்கவும் பூநாரை பார்க்கவும் செல்வோர்க்கு அஃது ஒரு பகற்பொழுதுப் பயணம். நம்மில் பலர் அவ்வூரைப் பற்றி அறிந்தது இவ்வளவே. ஆயினும் ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன் சோழமண்டலக் கரையின் தலையாய துறைமுகங்களுள் ஒன்றாக விளங்கிய ஊர் அது. மன்னர்களும் வணிகர்களும் கப்பற்படைகளும் அதற்காகப் போட்டியிட்டனர். அவர்கள் அனைவரும் சென்றுவிட்டனர். அங்கே நிலைத்திருப்பவை ஏரியைக் கடலோடு இணைக்கும் ஒரு சிறு நீர்வாயிலும், அதன் கரையில் வலை கட்டி வாழும் சில குப்பங்களுமே. அவற்றைப் பற்றியே நாம் இங்குச் சிறிது விரிவாகக் கூற விழைகின்றோம்.

குப்பம் என்னும் சொல்லை இன்று நகரத்தார் இழிவாக வழங்குகின்றனர். அது முறையன்று. ஆயர்க்குப் பாடியும் உழவர்க்கு ஊரும் அமைந்தாற்போல, சோழமண்டலக் கரையில் கடலோடும் மக்களுக்குக் குப்பம் அமைந்தது. பழவேற்காட்டைச் சுற்றியுள்ள குப்பங்களின் பெயர்களைப் படித்தாலே ஊர் வரலாற்றில் பாதி விளங்கிவிடும். கோட்டைக்குப்பம் கோட்டையின் பெயரைத் தாங்கி நிற்கின்றது. நடுவூர் மாதாகுப்பம் தேவதாயின் பெயரைக் கொண்டது. லைட் ஹவுஸ் குப்பம் என்பதோ, ஆங்கிலேயர் காலத்துக் கலங்கரை விளக்கத்தை ஆங்கிலச் சொல்லாலேயே குறித்துத் தமிழோடு ஒட்டிக்கொண்ட பெயர். இவற்றோடு ஆண்டிகுப்பம், கூனங்குப்பம், வைரவன்குப்பம், அரங்கங்குப்பம், கோரைக்குப்பம், சாத்தான்குப்பம் எனப் பட்டியல் நீள்கின்றது.

உப்பும் நன்னீரும்

பொன்னேரி தொடர்வண்டி நிலையத்தில் இறங்கிப் பழவேற்காட்டுக்குப் பேருந்தில் செல்வோர், நிலத்தின் தன்மை மெல்ல மெல்ல மாறுவதைக் காணலாம். ஆரணியாற்றுப் பாசனத்து நெல்வயல்கள் குறைந்து, பனையும் வேலமரமும் உவர்மண்ணும் தலைகாட்டும். வழியில் திருப்பாலைவனம் என்னும் பழைய சிவத்தலம் உள்ளது. வேலமரங்கள் அடர்ந்த பழைய காடு என்பதே பழவேற்காடு என்னும் பெயருக்குப் பெரும்பாலோர் கூறும் பொருள். சாலை முடியுமிடத்தில் காடு இல்லை. வானத்தின் நிறத்தைக் கொண்ட அகன்ற நீர்ப்பரப்பு ஒன்று கண்முன் விரிகின்றது.

பழவேற்காடு ஏரி, ஒரிசாவின் சிலிகா ஏரிக்கு அடுத்தபடியாக இந்தியாவின் இரண்டாவது பெரிய உவர்நீர் ஏரியாகும். வடக்குத் தெற்காக அதன் நீளம் ஏறத்தாழ 60 கிலோமீட்டர். அகலம் சில இடங்களில் ஒரு கிலோமீட்டருக்கும் குறைவு. சில இடங்களில் 17 கிலோமீட்டருக்கும் மேல். இவ்வளவு பரந்த ஏரியின் சராசரி ஆழமோ ஒரு மீட்டர் அளவுதான். பல இடங்களில் ஆள் இடுப்பளவு நீரில் நடந்தே செல்லலாம். ஏரிக்கும் வங்கக் கடலுக்கும் நடுவே நீண்ட மணல்மேடாகக் கிடப்பது ஸ்ரீஹரிகோட்டாத் தீவு. ஏரியின் பெரும்பகுதி ஆந்திர மாநிலத்தைச் சேர்ந்தது. தென்கோடியிலுள்ள சிறுபகுதியே தமிழ்நாட்டிற்கு உரியது. மாநில எல்லைக்கோடு தண்ணீரின் மீது செல்கின்றது. மீனுக்கும் இறாலுக்கும் அந்தக் கோடு தெரியாது; வலைஞர்க்குத் தெரிந்தாக வேண்டியிருப்பதால் இரு மாநிலத்தாரிடையே அவ்வப்போது பூசல்கள் எழுவதுண்டு.

இந்த ஏரிக்கு நீர் இரு திசைகளிலிருந்து வருகின்றது. தெற்கே ஆரணியாறும், மேற்கே சூலூர்ப்பேட்டைப் பக்கமிருந்து காளங்கியாறும் மழைநீரைக் கொண்டு சேர்க்கின்றன. கிழக்கே முகத்துவாரங்கள் வழியாகக் கடல்நீர் ஏறி இறங்குகின்றது. ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் வடகிழக்குப் பருவமழை பெருகும்போது ஏரி ஏறத்தாழ நன்னீராகிவிடும். மழை நின்று, வெயில் ஏறி, சித்திரை வைகாசியில் நீர் ஆவியாகிக் குறையும்போது, ஏரியின் சில பகுதிகள் கடலைவிடவும் மிகுதியாக உப்புக் கரிக்கும். வடபகுதி வறண்டு வெடித்த களிமண் தரையாகக் கிடப்பதும் உண்டு. ஒரே ஆண்டிற்குள் இத்தனை மாற்றங்களைத் தாங்கும் உயிர்களே அங்கு வாழ இயலும். மடவையும், கொடுவாயும், நண்டும், இறாலும் அத்தகையவை. பனிக்காலத்தில் வந்திறங்கும் பூநாரைகளும் பிற பறவைகளும் அவற்றையும் சேற்றிலுள்ள சிற்றுயிர்களையும் நம்பியே வருகின்றன. ஏரியின் ஆந்திரப் பகுதி 1976-லும், தமிழகப் பகுதி 1980-லும் பறவைகள் சரணாலயமாக அறிவிக்கப்பட்டன.

இறாலின் வாழ்க்கையை அறியாமல் இவ்வூர் மக்களின் வாழ்க்கையை அறிய முடியாது. இறால் கடலில் முட்டையிடுகின்றது. கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாததுமான அதன் குஞ்சுகள், ஏற்றநீரோடு முகத்துவாரத்தின் வழியாக ஏரிக்குள் நுழைகின்றன. ஏரியின் வெதுவெதுப்பான ஆழமற்ற நீரில் சில மாதங்கள் தின்று வளர்கின்றன. வளர்ந்தபின், மீண்டும் முட்டையிடும் பொருட்டு, இரவுநேரத்து வற்றநீரோடு கடலை நோக்கித் திரும்புகின்றன. போகும் வழியும் வரும் வழியும் ஒன்றே, அது முகத்துவாரம். எனவே முகத்துவாரம் திறந்திருந்தால் ஏரிக்கு உயிருண்டு. மணல் மூடி அடைபட்டால், குஞ்சுகள் உள்ளே வரா, உள்ளே உள்ளவை வெளியே போகா. கோவிலில் வாயிற்கதவு எத்தனை இன்றியமையாததோ, அத்தனை இன்றியமையாதது ஏரிக்கு அவ்வாயில்.

வந்தவர்களும் சென்றவர்களும்

விசயநகரப் பேரரசின் காலத்தில் இத்துறைமுகம் செழித்தோங்கியது. பேரரசின் உள்நாட்டு நகரங்களுக்குக் கீழைக்கடலின் பண்டங்கள் இவ்வழியாகச் சென்றன. பெகு நாட்டு மாணிக்கக் கற்கள் இங்கு விற்கப்பட்டன. இங்கு நெய்த வண்ணத் துணிகள் மலாக்காவிற்கும் அதற்கு அப்பாலும் ஏற்றப்பட்டன. 16-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இக்கரைகளைப் பற்றி எழுதிய துவார்த்தே பர்போசா என்னும் போர்த்துக்கீசியர், இந்துக்களும் முகமதியரும் மிகுந்த பெரிய வணிக நகரமாக இதனைக் குறிப்பிடுகின்றார். அக்காலத்துத் தமிழ் முஸ்லிம் வணிகர்களின் வழித்தோன்றல்கள் இன்றும் ஊரில் வாழ்கின்றனர். அவர்கள் இல்லத்துப் பெண்கள் பனை ஓலையில் பின்னும் கூடைகளும் பெட்டிகளும் பெயர் பெற்றவை. செம்பாறாங்கல்லால் எழுந்த ஆதிநாராயணப் பெருமாள் கோவிலும், அதிலுள்ள நுண்ணிய இராமாயணச் சிற்பங்களும் விசயநகரக் காலத்தின் எச்சங்களே.

நமது வாசகர்கள் அறிந்திருக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. 1517-ஆம் ஆண்டில் மலாக்காவிலிருந்து கப்பலேறி வந்த தியோகு பெர்னாந்தஸ் முதலிய போர்த்துக்கீசியர் சிலர் பழவேற்காட்டில் கரையிறங்கினர். அவர்களோடு வந்த கோஜா இஸ்கந்தர் என்னும் ஆர்மீனிய வணிகர், தெற்கே சில காத தூரத்தில் புனித தோமையாரின் இல்லம் ஒன்று இருப்பதாகக் கூறி, அவர்களை மயிலாப்பூருக்கு அழைத்துச் சென்றார். இடிந்து கிடந்த அவ்விடத்தைப் பற்றிய செய்தி போர்த்துக்கீசிய ஆட்சியாளர்களுக்கு எட்டி, பின்னர் ஆலயம் புதுப்பிக்கப்பட்டது. அதைச் சுற்றியே சாந்தோம் நகரம் வளர்ந்தது. மயிலைக்குச் செல்லும் வழி பழவேற்காட்டிலிருந்து தொடங்கியது என்று கூறினால் மிகையாகாது. பழவேற்காட்டு மகிமை மாதா ஆலயத்தின் தோற்றம் 1515-ஆம் ஆண்டைச் சார்ந்தது என்பது மரபு. அக்கணக்கின்படி 2015-இல் அதற்கு ஐந்நூறு ஆண்டுகள் நிறைந்தன.

போர்த்துக்கீசியருக்குப் பின் வந்தவர் டச்சுக்காரர். நம் முன்னோர் அவர்களை ஒல்லாந்தர் என்றனர். சந்திரகிரியில் அரசாண்ட வெங்கடபதி தேவராயரின் இசைவு பெற்று 1610-இல் அவர்கள் இங்குப் பண்டசாலை அமைத்தனர். இரண்டே ஆண்டுகளில், 1612-இல், சாந்தோமிலிருந்து வந்த போர்த்துக்கீசியர் அதனைத் தாக்கி அழித்தனர். இரு தரப்பாரும் ஒரே மீட்பரின் பெயரை உச்சரித்தவர்கள். மிளகும் சாதிக்காயும் குறுக்கிட்டபோது அது நினைவிலிருந்து அகன்றது. 1613-இல் டச்சுக்காரர் கோட்டை ஒன்றை எழுப்பி, தம் தலைவர் வெம்மர் வான் பெர்க்கெம் பிறந்த மாகாணத்தின் பெயரால் கெல்திரியா எனப் பெயரிட்டனர். 1690 வரை சோழமண்டலக் கரை முழுமைக்குமான அவர்களது ஆட்சித்தலைமை இங்கேயே இருந்தது; பின்னரே அது நாகப்பட்டினத்திற்கு மாற்றப்பட்டது.

அந்நாளில் இங்கிருந்து சென்ற துணிகள் உலகப் புகழ் பெற்றவை. கட்டம் போட்ட கைக்குட்டைக்கு 'புலிகாட்' என்ற பெயரே ஐரோப்பாவில் நிலைத்தது. பிற்காலத்தில் ஸ்காட்லாந்து நெசவாளர்கள் தாம் நெய்த போலிக்கும் அப்பெயரையே வைத்தனர். கோட்டைக்குள் நாணயச் சாலையும், ஊரில் வெடிமருந்துச் சாலையும் இயங்கின. ஆபிரகாம் ரோகர் என்னும் டச்சுப் போதகர் 1632 முதல் 1642 வரை பத்தாண்டுகள் இங்குத் தங்கி, பத்மநாபன் என்னும் அந்தணரிடம் இந்நாட்டு மக்களின் வழிபாடுகளையும் பழக்கங்களையும் கேட்டறிந்தார். அவர் எழுதிய நூல், அவரது மறைவுக்குப்பின், 1651-இல் லைடன் நகரில் வெளிவந்தது. பர்த்ருஹரியின் வடமொழிச் செய்யுட்கள் முதன்முதலாக ஐரோப்பிய மொழி ஒன்றில் அச்சேறியது அந்நூலிலேயே. உவர்நிலத்துக் கரை ஒன்றில் இரு அறிஞர்கள் அமர்ந்து பேசியதன் விளைவு அது.

இவற்றைச் சொல்லிவிட்டு, மற்றொன்றைச் சொல்லாமல் விடுதல் நேர்மையாகாது. பழவேற்காட்டுத் துறையிலிருந்து துணி மட்டும் கப்பலேறவில்லை, மனிதரும் ஏற்றப்பட்டனர். 17-ஆம் நூற்றாண்டில், பஞ்சமும் போரும் உள்நாட்டைப் பாழாக்கிய ஆண்டுகளில், உண்ண வழியின்றித் தம்மையும் தம் மக்களையும் விற்ற ஏழைகளை டச்சுக் கம்பெனியார் விலைக்கு வாங்கி, பத்தாவியாவுக்கும் பிற தீவுகளுக்கும் அடிமைகளாக அனுப்பினர். அவ்வாறு சென்றோர் பல்லாயிரவர். டச்சுக்காரரின் கல்லறைத்தோட்டம் இன்று தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ளது. அதன் வாயிலில் எலும்புக்கூடு உருவங்கள் செதுக்கப்பட்டுள்ளன. உள்ளே கம்பெனி அதிகாரிகளின் பெயர்களும் குலச்சின்னங்களும் அழகிய எழுத்தில் பொறிக்கப்பட்டுள்ளன. அடிமைகளாகச் சென்றவர்களின் பெயர்களைத் தாங்கிய கல் அங்கே ஒன்றேனும் இல்லை.

ஆங்கிலேயரும் இங்கே கடைவிரிக்க முயன்றதுண்டு. 1620-களின் தொடக்கத்தில் டச்சுக்காரரோடு சேர்ந்து சிலகாலம் இங்கு வாணிகம் செய்தனர், ஒத்துவரவில்லை. ஏரிக்கு வடக்கேயுள்ள ஆர்மகான் என்னும் துர்கராசபட்டினத்திற்கு 1626-இல் சென்றனர், அங்கும் நிலைக்கவில்லை. பின்னரே 1639-இல் சென்னையில் நிலம் பெற்றனர். பழவேற்காட்டில் அவர்களுக்கு இடம் கிடைத்திருந்தால் இன்றைய சென்னை எங்கிருந்திருக்கும் என்று எண்ணிப் பார்ப்பதில் தவறில்லை. சென்னை வளர வளரப் பழவேற்காடு தேய்ந்தது. 1781-லும் 1795-லும் ஆங்கிலேயர் ஊரைக் கைப்பற்றினர். 1806-இல் கோட்டை தகர்க்கப்பட்டது. 1818-இல் திருப்பிக் கொடுத்த ஊரை, உடன்படிக்கையின்படி 1825-இல் முற்றிலுமாகப் பெற்றுக்கொண்டனர். அதன்பின் பெருங்கப்பல்கள் இங்கு வரவில்லை. பக்கிங்காம் கால்வாய் வழியாகச் சென்னைக்கு விறகும், சுண்ணாம்புக் கிளிஞ்சலும், மீனும் ஏற்றிச் சென்ற படகுகளே நெடுங்காலம் ஊரின் போக்குவரத்தாக இருந்தன. இன்று அக்கால்வாயிலும் படகோட்டம் இல்லை. கோட்டை நின்ற இடம் முட்புதர் மண்டிய மேடு.

பாடு என்னும் முறை

பேரரசுகள் எழுதிவைத்த உடன்படிக்கைகள் யாவும் காலாவதியாகிவிட்ட இவ்வூரில், எழுதப்படாத உடன்படிக்கை ஒன்று மட்டும் தலைமுறை தலைமுறையாக நடைமுறையில் இருந்து வருகின்றது. அதற்குப் 'பாடு' என்று பெயர். கோட்டைக்குப்பம், ஆண்டிகுப்பம், நடுவூர் மாதாகுப்பம் ஆகிய மூன்று குப்பங்களின் பட்டினவர் சமூகத்தார் அதற்கு உரியவர்கள்.

இறால் கடலுக்குத் திரும்பும் வழியில், முகத்துவாரத்தை ஒட்டிய நீரோட்டங்களில், கழிகளை நட்டுச் சுத்துவலை கட்டுவது இங்குள்ள முறை. வற்றநீரோடு வரும் இறால் வலையில் தங்கும். எல்லா இடத்திலும் அவ்வாறு வலை கட்ட இயலாது; நீரோட்டமும் ஆழமும் பொருந்திய இடங்கள் சிலவே. அவற்றுள்ளும் நல்ல இடம் உண்டு, நடுத்தரமான இடம் உண்டு, வெறுங்கையோடு திரும்பச்செய்யும் இடமும் உண்டு. வலியவன் நல்ல இடத்தைப் பிடித்துக்கொண்டால் எளியவன் என்ன செய்வான்? முன்னே ஒருவன் வலை கட்டினால் பின்னே இருப்பவனுக்கு ஏது கிட்டும்? இக்கேள்விகளுக்கு விடையாகவே பாடு பிறந்தது. இன்ன நாளில், இன்ன இடத்தில், இன்னார் வலை கட்டலாம் என்று சீட்டுப் போட்டு முறை வகுத்துக்கொள்கின்றனர். இன்று நல்ல இடம் பெற்றவன் அடுத்த முறை வேறிடம் செல்ல வேண்டும். திருமணமான ஆடவன், குப்பத்து வரி செலுத்தும் தலைக்கட்டு, பாட்டுக்கு உரியவனாகின்றான். உரிமை தந்தைக்குப்பின் மகனைச் சேர்கின்றது. முறை தவறினவர்களைக் குப்பத்துப் பஞ்சாயத்தார் அழைத்துத் தண்டம் விதிப்பர். அரசுச் சட்டம் எதுவும் இதற்கு அடிப்படையன்று. ஊர் வழக்கமே சட்டம்.

இதனை யாரும் எளிதாக எண்ணிவிடலாகாது. நீரில் வேலி கட்ட முடியாது. வயலுக்குப் பட்டா உண்டு. நீரோட்டத்திற்குப் பட்டா கிடையாது. பட்டா இல்லாத பொதுச்சொத்தை, அழியாமலும் அடிதடியின்றியும் பகிர்ந்துண்பது எங்ஙனம் என்பதைப் பெரிய நாடுகளே இன்னும் கற்றுக்கொண்டிருக்கின்றன. 1991-இல் ஐக்கிய நாடுகளின் உணவு வேளாண்மை நிறுவனம் பழவேற்காட்டுப் பாடு முறையைப் பற்றித் தனி அறிக்கை ஒன்றை வெளியிட்டது. அதன்பின் பன்னாட்டு ஆய்வாளர்கள் பலர் இக்குப்பங்களை நாடி வந்துள்ளனர்.

இலங்கையில் நீர்கொழும்புக் களப்பிலும் இதைப்போன்ற ஒரு வழக்கம் உண்டு. அங்கும் முதலில் போர்த்துக்கீசியர், பின்னர் டச்சுக்காரர், பின்னர் ஆங்கிலேயர். அங்கும் கடலும் களப்பும் சேரும் வாயில். அங்கும் கழி நட்டு வலை கட்டி இறால் பிடித்தல். அதனைக் 'கட்டுதெல்' என்பர். தூவா, பிட்டிப்பனை முதலிய கத்தோலிக்கக் குடியிருப்புகளைச் சேர்ந்த நான்கு மீனவர் சங்கங்கள் முறை வகுத்து, ஆண்டுதோறும் சீட்டுப் போட்டு இடங்களைப் பகிர்ந்துகொள்கின்றன. ஒரு வேறுபாடு மட்டும் குறிக்கத்தக்கது. நீர்கொழும்பின் வழக்கத்தை இலங்கை அரசு 1958-இல் விதிகளாக்கிச் சட்ட ஏற்பு அளித்துவிட்டது. பழவேற்காட்டுப் பாட்டுக்கோ அத்தகைய காப்பு இல்லை.

பாட்டுக்கு வெளியே நிற்போர்

பாட்டைப் புகழ்ந்துவிட்டு நாம் நிறுத்திக்கொள்ளலாம். ஆனால், பாட்டுக்கு உள்ளே இருப்போர்க்குச் சமநீதி வழங்கும் அதே முறை, வெளியே இருப்போர்க்குக் கதவடைப்பாகவும் இருக்கின்றது. ஏரியை நம்பி வாழ்வோர் மூன்று குப்பத்தார் மட்டும் அல்லர். வேறு குப்பங்களும், பிற சமூகத்தாரும், தலித் மக்களும், இருளரும் அதே நீரை நம்பியிருக்கின்றனர். இருளர் சமூகத்துப் பெண்கள் வலையோ படகோ இன்றி, சேற்றில் அமர்ந்தபடியே நகர்ந்து, கையால் தடவி இறால் பிடித்து, இடுப்பில் அல்லது வாயில் கவ்விய ஓலைப்பறியில் சேர்ப்பர். நாள் முழுதும் உவர்நீரில் கிடந்து அவர்கள் ஈட்டுவது சிறிதே.

முற்காலத்தில் இவ்வேறுபாடு பெரிதாகத் தோன்றவில்லை. இறாலுக்கு அன்று பெருவிலை இல்லை. 1970-களிலும் 1980-களிலும் சப்பானுக்கும் மேல்நாடுகளுக்கும் இறால் ஏற்றுமதி பெருகியபோது நிலைமை மாறிற்று. நேற்றுவரை உணவாயிருந்தது இன்று பணமாயிற்று. பனிக்கட்டிப் பெட்டிகளோடு வணிகர்கள் கரையில் வந்து நின்றனர். ஏற்கெனவே வலை பிடித்தவர்களும் புதிதாகத் தொழிலுக்கு வந்தவர்களும் அதே நீரோட்டங்களை நாடினர். பாட்டுக்கு உரியவர்கள் தம் மரபுரிமையைக் காட்டினர்; மற்றவர்கள், ஏரி யாவர்க்கும் பொது அன்றோ என்று வினவினர். இரண்டு சொற்களிலும் உண்மை இருந்தமையால் வழக்கு எளிதில் தீரவில்லை.

இதற்கிடையே மற்றொரு நெருக்கடியும் நேர்ந்தது. ஸ்ரீஹரிகோட்டாவில் ஏவுதளம் அமைக்கும் பொருட்டு அரசு நிலம் எடுத்தபோது, அத்தீவில் வாழ்ந்த குடும்பங்கள் வெளியேற நேர்ந்தது. அவர்களுள் மீனவர் பலர் ஏரிக்கரையின் வேறிடங்களில் குடியேறினர். 1971 அக்டோபர் 9-ஆம் நாள் முதல் ஆய்வு ராக்கெட் அங்கிருந்து எழுந்தது. 1980 ஜூலை 18-இல் ரோகிணி விண்கோளும், 2023 ஜூலை 14-இல் சந்திரயான் மூன்றும் அங்கிருந்தே சென்றன. நாட்டுக்கு அது பெருமைதான். ஏவும் நாட்களில் குப்பத்தார் கடலுக்குச் செல்லாமல் கரையில் நின்று அந்நெருப்புத் தடத்தைக் காண்கின்றனர். அன்று அவர்களுக்கு வருமானம் இல்லை. வெளியிலிருந்து வந்து குடியேறியவர்க்குப் பழைய குப்பங்களின் பாட்டில் இடமும் இல்லை.

இது எங்ஙனம் தீரும்? பாட்டை ஒழித்துவிட்டால் யாவர்க்கும் நீதி கிடைத்துவிடும் என்று சிலர் கருதுவர். நாம் அவ்வாறு கருதவில்லை. முறை ஒழிந்தால் அவ்விடத்தை நிரப்பப்போவது சமத்துவம் அன்று. மிகுதியான வலையும் மிகுதியான முதலும் உடையவனே. முறையைக் காத்துக்கொண்டு, அதன் வாயிலைச் சிறிது அகலத் திறப்பதே தக்கது என்று நமக்குத் தோன்றுகின்றது. ஆயின் ஏரியில் இறால் குறையுங்காலத்தில் பங்காளிகளைக் கூட்டிக்கொள்ளுமாறு ஒருவனிடம் கூறுதல் கரையில் நிற்போர்க்கு எளிது. தண்ணீரில் நிற்பவனுக்கு அரிது.

அடைபடும் வாயில்

ஏரி மெலிந்துகொண்டே வருகின்றது. ஆறுகள் கொண்டுவரும் வண்டல் படிந்து ஆழம் குறைகின்றது. வடக்கே சூலூர்ப்பேட்டையிலிருந்து ஸ்ரீஹரிகோட்டாவுக்கு ஏரியின் குறுக்கே இட்ட சாலை, நீரின் இயல்பான ஓட்டத்தைத் தடுக்கின்றது. எல்லாவற்றிற்கும் மேலாக, முகத்துவாரம் அடிக்கடி மணலால் தூர்ந்துவிடுகின்றது.

இதன் காரணத்தை விளக்குதல் நலம். சோழமண்டலக் கரையில் அலைகள் ஆண்டின் பெரும்பகுதி தென்கிழக்கிலிருந்து வந்து மோதுவதால், கரையோர மணல் தெற்கிலிருந்து வடக்கு நோக்கி இடைவிடாது நகர்கின்றது. வடகிழக்குப் பருவக்காற்றின் சில மாதங்களில் மட்டும் இது திசைமாறும். இங்ஙனம் நகரும் மணல் முகத்துவாரத்தின் குறுக்கே திட்டாகக் குவிகின்றது. மழைக்காலத்தில் ஆரணியாற்றின் வெள்ளம் வலுவாக வந்தால், அத்திட்டை உடைத்துக்கொண்டு கடலில் பாயும். மழை பொய்த்தாலோ, மேலே அணைகளில் நீர் தேங்கிவிட்டாலோ, உடைக்கும் விசை இல்லாமற் போகின்றது. அப்போதெல்லாம் குப்பத்தார் தாமே மண்வெட்டி எடுத்துக்கொண்டு வாய்க்கால் வெட்டிக் கடலுக்கு வழி திறந்ததுண்டு. 2004 டிசம்பர் 26-ஆம் நாள் ஆழிப்பேரலை இக்கரையையும் தாக்கிற்று. மணல்மேடுகளும் வாயிலும் அன்று உருமாறின.

கடலில் கல்லிட்டுத் துறைமுகம் கட்டினால் தெற்கே மணல் சேர்வதும் வடக்கே கரை அரிப்பதும் இயற்கை. 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில் சென்னைத் துறைமுகம் எழுந்தபின் இராயபுரம் கடற்கரை அரிக்கப்பட்டதை வடசென்னை மக்கள் நன்கு அறிவர். 2001-இல் எண்ணூரில் புதிய துறைமுகம் தொடங்கப்பெற்றது. அதனை அடுத்துக் காட்டுப்பள்ளித் துறைமுகமும் வந்தது. இவற்றுக்கு வடக்கே இருப்பது பழவேற்காடு. கடலுக்கும் ஏரிக்கும் இடையிலுள்ள மணற்கரை சில இடங்களில் மிகக் குறுகியது. காட்டுப்பள்ளித் துறைமுகத்தைப் பன்மடங்கு விரிவாக்கும் திட்டம் அறிவிக்கப்பட்டபோது, குப்பத்தார் ஒருமித்து எதிர்ப்புத் தெரிவித்தது இதனாலேயே. அம்மணற்கரை அரிக்கப்பட்டு ஏரி கடலோடு கலந்துவிடுமானால், பின்னர்ப் பாடும் இல்லை, பாட்டுக்கு உரியோரும் இல்லை, உரிமை இல்லாதோரும் இல்லை. இந்த எதிர்ப்பில் மூன்று குப்பத்தாரும் பாட்டுக்கு வெளியே உள்ளோரும் ஒரே அணியில் நின்றனர் என்பது கருதத்தக்கது.

முகத்துவாரம் ஆண்டு முழுதும் திறந்திருக்குமாறு, அதன் இருபுறமும் கடலுக்குள் கற்சுவர் எழுப்பி மணலைத் தூர்வார வேண்டும் என்பது குப்பத்தாரின் நெடுநாளைய கோரிக்கை. அண்மை ஆண்டுகளில் தமிழ்நாடு அரசு அதற்கான பணிகளை மேற்கொண்டுள்ளது. சரணாலய எல்லைக்குள் நடக்கும் பணியாதலால் இசைவு பெறுவதிலேயே நெடுங்காலம் கழிந்தது. கற்சுவர் ஓரிடத்து மணலைத் தடுத்தால் மற்றோரிடத்துக் கரை அரிக்குமே என்னும் ஐயம் வடக்கேயுள்ள குப்பங்களுக்கு இல்லாமலில்லை.

இன்று பழவேற்காட்டுக்கும் லைட் ஹவுஸ் குப்பத்துக்கும் இடையே பாலம் உள்ளது. முன்பு படகே வழி. படித்த இளைஞர் பலர் எண்ணூர், மீஞ்சூர் பக்கத்துத் தொழிற்சாலைகளுக்கும் துறைமுகங்களுக்கும் வேலைக்குச் செல்கின்றனர். வேலை ஒப்பந்த அடிப்படையில் அமைவதால், அது நின்றுபோகும் மாதங்களில் மீண்டும் வலையை நாடுகின்றனர். பாட்டில் தம் பெயரை அவர்கள் விட்டுவிடுவதில்லை. மழைவெள்ளம் வடிந்து, வாயில் திறந்து, நிலா இல்லாத இரவுகளில் வற்றநீர் கடலை நோக்கி ஓடத் தொடங்கும்போது, முறைப்படி இடம் பெற்றவர் கழிகளோடு இறங்குகின்றனர். அதே நீரில், சற்றுத் தள்ளி, ஆழமற்ற சேற்றுப் பரப்பில், பறியோடு கைதடவிச் செல்லும் பெண்களும் இருக்கின்றனர்.